தனித் தயாரிப்பாளரின் பாதை: கொல்லம் ரவீந்திரநாதன் நாயரும் 14 படங்களும்

திரைப்படம் ஒன்றைக் கண்டு வெளியே வரும் மக்களின் நினைவில் முதலில் நிற்பவர் நடிகர். விமரிசகர்களின் எழுத்தில் முதலிடம் பெறுபவர் இயக்குநர். ஆனால், சட்டத்தின் பார்வையில் அப்படத்தின் ஆக்கியோன் தயாரிப்பாளரே ஆவார். 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், திரைப்படத்தைப் பொறுத்தவரை 'ஆசிரியர்' என்னும் சொல்லுக்குத் தயாரிப்பாளர் என்றே பொருள் கூறுகிறது. படம் வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகளுக்கு அதன் பதிப்புரிமை நிலைக்கிறது.

இத்தகைய உரிமையைச் சட்டம் அவருக்கு அளித்திருப்பதற்குக் காரணம் உண்டு. படம் தோல்வியுற்றால் நடிகருக்குக் கொடுத்த ஊதியம் திரும்பாது. கலையகத்துக்குக் கட்டிய வாடகையும் திரும்பாது. நட்டம் முழுவதும் தயாரிப்பாளரையே வந்து சேரும். அந்த நட்டத்தை யார் தாங்குவது, எவ்வளவு காலம் தாங்குவது என்னும் கேள்விகளுக்குக் கிடைக்கும் விடையைப் பொறுத்தே எத்தகைய படங்கள் ஒரு நாட்டில் உருவாகும் என்பதும் அமைகிறது. கேரள மாநிலத்தின் கொல்லம் நகரைச் சேர்ந்த முந்திரி ஏற்றுமதியாளர் கே. ரவீந்திரநாதன் நாயர் (1933-2023) 1967-க்கும் 1994-க்கும் இடையே மேற்கொண்ட திரைப்பணி இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டாகும்.

தனித் தயாரிப்பாளர் என்பவர் யார்?

1930-களில் நம் நாட்டுத் திரைப்படத் தொழில் பெரும்பாலும் பெரிய கலையகங்களைச் சார்ந்திருந்தது. கல்கத்தாவின் நியூ தியேட்டர்ஸ், புனாவின் பிரபாத், பம்பாயின் பாம்பே டாக்கீஸ் போன்ற நிறுவனங்கள் சொந்தத் தளங்களையும் கருவிகளையும் வைத்திருந்தன. நடிகர்களையும் தொழில்நுட்பக் கலைஞர்களையும் மாதச் சம்பளத்தில் அமர்த்தியிருந்தன. ஒரு படத்தில் ஏற்படும் நட்டத்தை மற்றொரு படத்தின் ஆதாயத்தைக் கொண்டு ஈடுசெய்ய இம்முறை இடமளித்தது.

இரண்டாம் உலகப் போரின்போதும் அதன் பின்னரும் இவ்வமைப்பு குலைந்தது. போர்க்காலத்தில் திரண்ட கணக்கில் வராத பணம் திரைப்படத் தொழிலினுள் புகுந்தது. சொந்தத் தளமோ நிலையான ஊழியரோ இல்லாமல், தளத்தை நாள் வாடகைக்கு எடுத்து, நடிகர்களை ஒப்பந்தத்தின்பேரில் அமர்த்தி, ஒரு படத்தை மட்டும் எடுத்துப் பார்க்க விரும்பியவர்கள் பெருகினர். 1949-ஆம் ஆண்டில் எஸ். கே. பாட்டீல் தலைமையில் மத்திய அரசு அமைத்த திரைப்பட விசாரணைக் குழு 1951-ஆம் ஆண்டில் தந்த அறிக்கையில் இந்நிலையை விரிவாக ஆராய்ந்தது. நியாயமான வட்டியில் கடன் தர ஒரு நிதிக் கழகம் தேவை என்பது அக்குழுவின் பரிந்துரைகளுள் ஒன்றாகும்.

ஆகவே, 'தனித் தயாரிப்பாளர்' என்னும் சொல்லுக்கு நம் நாட்டில் இரு பொருள்கள் உண்டு. கலையகத்தைச் சாராதவர் என்பது முதற்பொருள். சந்தையின் வழக்கமான கட்டளைகளைச் சாராதவர் என்பது இரண்டாவது பொருள். முதற்பொருளில் தனித் தயாரிப்பாளர்களாக விளங்குவோர் மிகப் பலர். இரண்டாவது பொருளில் அவ்வாறு விளங்குவோர் மிகச் சிலரே. இவ்வேறுபாட்டை உணரத் தயாரிப்பாளரின் பணி இன்னதென அறிதல் வேண்டும்.

தயாரிப்பாளரின் பணிகள்

முழுநீளக் கதைப்படம் ஒன்றின் தயாரிப்பு ஐந்து கட்டங்களைக் கொண்டது. முதலாவது, கதையைத் தெரிவு செய்து அதன் உரிமையை எழுத்து மூலம் பெறுதல். இரண்டாவது, திரைக்கதையை வைத்துக்கொண்டு செலவுத் திட்டம் வகுத்துப் பணம் திரட்டுதல். மூன்றாவது, படப்பிடிப்பு. நான்காவது, படத்தொகுப்பு, இசை, ஒலிச்சேர்க்கை முதலியன. ஐந்தாவது, தணிக்கைச் சான்றிதழ் பெற்றுப் படத்தை வெளியிடுதல். 1952-ஆம் ஆண்டின் திரைப்படச் சட்டப்படி சான்றிதழ் இன்றி எப்படத்தையும் பொதுமக்களுக்குக் காட்ட இயலாது. முன்பு 10 ஆண்டுகளே செல்லுபடியான இச்சான்றிதழை 2023-ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம் நிரந்தரமாக்கியது.

ஃபிலிமில் படமெடுத்த காலத்தில் கச்சா ஃபிலிம், பதனிடும் கூலி, திரையரங்குகளுக்கு அனுப்பும் பிரதிகள் ஆகியன செலவுத் திட்டத்தில் பெரும் பங்கு வகித்தன. ஒரு காட்சியை மீண்டும் எடுப்பதென்பது ஃபிலிமை மீண்டும் வாங்குவதாகும். உதகமண்டலத்தில் அரசு நிறுவிய இந்துஸ்தான் ஃபோட்டோ ஃபிலிம்ஸ் தொழிற்சாலை 1967-ஆம் ஆண்டில் உற்பத்தியைத் தொடங்கிய பின்னரும், வண்ண ஃபிலிமுக்கு வெளிநாட்டு இறக்குமதியையே நம்பவேண்டியிருந்தது.

இச்செலவுகளுக்கான பணம் பெரும்பாலும் விநியோகஸ்தரிடமிருந்து வந்தது. ஒரு வட்டாரத்தில் படத்தை வெளியிடும் உரிமைக்காக விநியோகஸ்தர் குறைந்தபட்ச உத்தரவாதத் தொகையாக ஒரு தொகையைத் தவணைகளில் முன்பணமாகத் தருவார். அதனைக் கொண்டு தயாரிப்பாளர் படப்பிடிப்பை நடத்துவார். பற்றாக்குறைக்குத் தனியார் வட்டிக்கடன் துணைபுரியும். இம்முறையில் பணத்தோடு நிபந்தனைகளும் வந்தன. படம் எடுத்து முடிப்பதற்கு முன்பே விற்பனையாக வேண்டுமாயின், பெயர் பெற்ற நடிகரும் பாடல்களும் பழகிய கதையமைப்பும் வேண்டும். விநியோகஸ்தரைக் குறை கூறுவதற்கில்லை. அவரும் தம் முதலைக் காக்க முனைபவரே. ஆயினும், புதிய முயற்சிக்கு இம்முறையில் இடம் குறைவு என்பது வெளிப்படை.

அரசின் முயற்சி

பாட்டீல் குழுவின் பரிந்துரைப்படி 1960-ஆம் ஆண்டில் திரைப்பட நிதிக் கழகம் நிறுவப்பட்டது. தொடக்க ஆண்டுகளில் பெரும்பாலும் நிலைபெற்ற தயாரிப்பாளர்களுக்குக் கடன் வழங்கிய இக்கழகம், 1960-களின் இறுதியில் குறைந்த செலவில் எடுக்கப்படும் புதிய முயற்சிகளை ஆதரிக்க முற்பட்டது. 1969-ஆம் ஆண்டில் மிருணாள் சென் இயக்கிய 'புவன் ஷோம்' இக்கொள்கையின் முதற்கனிகளுள் ஒன்றாகும். கேரளத்தில் 1965-ஆம் ஆண்டில் தொடங்கப்பட்ட சித்திரலேகா கூட்டுறவுச் சங்கம், இக்கழகத்தின் கடனுதவியோடு அடூர் கோபாலகிருஷ்ணனின் முதற்படமான 'சுயம்வரம்' படத்தை 1972-ஆம் ஆண்டில் தயாரித்தது. சிறந்த படம், சிறந்த இயக்குநர், சிறந்த நடிகை, சிறந்த ஒளிப்பதிவு ஆகிய நான்கு தேசிய விருதுகளை அப்படம் பெற்றது.

ஆனால், படம் எடுக்கப் பணம் கிடைத்த அளவுக்கு, எடுத்த படத்தைக் காட்டத் திரையரங்குகள் கிடைக்கவில்லை. திரையிடப்படாத படம் கடனைத் திருப்பியளிக்க வழியில்லை. 1976-ஆம் ஆண்டில் நாடாளுமன்றத்தின் பொதுத்துறை நிறுவனக் குழு, நிதிக் கழகத்தின் கடன் கொள்கையைக் கடுமையாக விமரிசித்தது. பொதுப்பணத்தைக் கையாளும் கழகம் கணக்குக் கூற வேண்டிய கடமையுடையது. அதே வேளையில், உடனடி வசூலையே அளவுகோலாகக் கொண்டால் கழகம் தோன்றிய நோக்கமே தவறிவிடும். இந்த இக்கட்டு தீராத நிலையில்தான், 1977-ஆம் ஆண்டில் கேரளத்தில் தனியார் ஒருவர், எந்த விநியோகஸ்தரும் முன்பணம் தரத் தயங்கக்கூடிய படம் ஒன்றுக்குத் தம் சொந்தப் பணத்தை முதலீடு செய்தார்.

முந்திரித் தொழிலிலிருந்து திரையுலகுக்கு

ரவீந்திரநாதன் நாயர் வணிகவியல் பட்டம் பெற்றவர். கொல்லம் முந்திரிப் பருப்புத் தொழிலின் மையமாகும். கிழக்கு ஆப்பிரிக்க நாடுகளிலிருந்து இறக்குமதியான கொட்டைகளும் உள்நாட்டில் விளைந்தவையும் அங்குள்ள தொழிற்சாலைகளில் உடைத்துத் தோல் நீக்கித் தரம் பிரிக்கப்பட்டு வெளிநாடுகளுக்கு அனுப்பப்பட்டன. அத்தொழிலாளருள் மிகப் பெரும்பான்மையோர் பெண்கள். இக்கட்டுரையில் பேசப்படும் படங்களுக்கான மூலதனம் அவர்தம் உழைப்பில் விளைந்த வாணிகத்திலிருந்து வந்தது என்பதை மறத்தலாகாது.

1967-ஆம் ஆண்டில் அவர் 'ஜெனரல் பிக்சர்ஸ்' என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். அதன் முதற்படம், எழுத்தாளர் பாறப்புறத்தின் நாவலைத் தழுவிப் பி. பாஸ்கரன் இயக்கிய 'அன்வேஷிச்சு கண்டெத்தியில்லா'. அவ்வாண்டின் சிறந்த மலையாளப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. 1968-இல் 'லக்ஷப்பிரபு', 1969-இல் 'காட்டுக்குரங்கு' ஆகிய படங்களையும் பாஸ்கரனே இயக்கினார்.

நான்காவது படம் 1973-ஆம் ஆண்டில் வெளிவந்த 'அச்சாணி'. 'கல்யாணப் பரிசு', 'நெஞ்சில் ஓர் ஆலயம்' ஆகிய தமிழ்ப் படங்களின் ஒளிப்பதிவாளராகத் தமிழ் மக்கள் அறிந்த ஏ. வின்சென்ட் இதனை இயக்கினார். பிரேம் நசீர் நடித்த இப்படம் நல்ல வசூலை ஈட்டியது. தயாரிப்பாளருக்கு 'அச்சாணி ரவி' என்னும் பெயரே நிலைத்துவிட்டது. இப்படத்தின் ஆதாயத்தைக் கொல்லம் நகரில் பொது நூலகம் ஒன்று எழுவதற்கு அவர் பயன்படுத்தினார். திரைப்படத்தில் வந்த ஆதாயத்தை அடுத்த படத்தின் முன்பணமாக்குவதே தொழிலில் வழக்கம். அதனை ஊரின் நூலகமாக்கியது வழக்கத்துக்கு மாறானது.

அந்நாளில் மலையாளப் படங்களின் பெரும்பகுதி சென்னைக் கலையகங்களிலும் அங்குள்ள பதனிடும் கூடங்களிலுமே உருவாயிற்று என்பதையும் இங்குக் கருதவேண்டும். 1975-ஆம் ஆண்டில் கேரள மாநிலத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் தோன்றி, 1980-ஆம் ஆண்டில் திருவனந்தபுரத்தில் சித்ராஞ்சலி கலையகம் திறக்கப்பட்ட பின்னர்தான் கேரளத்திலேயே தயாரிப்பு வசதிகள் பெருகின.

1977-ஆம் ஆண்டின் திருப்பம்

'அச்சாணி'யின் வெற்றிக்குப்பின் அதே வகைப் படங்களைத் தொடர்ந்து எடுப்பது எளிதாக இருந்திருக்கும். அவர் நான்காண்டுகள் எப்படத்தையும் வெளியிடவில்லை. பின்னர், 1974-ஆம் ஆண்டில் 'உத்தராயணம்' என்னும் ஒரே கதைப்படத்தை இயக்கியிருந்த கேலிச்சித்திரக்காரர் ஜி. அரவிந்தனுக்கு வாய்ப்பளித்தார். இவ்வாறு உருவான 'காஞ்சன சீதா', இராமாயணத்தின் உத்தர காண்டத்தை ஒட்டிச் சி. என். ஸ்ரீகண்டன் நாயர் எழுதிய நாடகத்தைத் தழுவியது. ஆந்திரப் பிரதேசத்துக் காடுகளில் எடுக்கப்பட்ட இப்படத்தில் இராமனாகவும் இலக்குவனாகவும் தோன்றியவர்கள் பழங்குடி மக்கள். சீதை மனித உருவில் வருவதேயில்லை. காற்றும் மரங்களும் ஆறுமாகிய இயற்கையே சீதை. பெயர் பெற்ற நடிகரும் வழக்கமான பாடல்களும் இல்லாத இப்படத்துக்குச் சந்தையில் முன்விலை இருந்திருக்க இயலாது. 1977-ஆம் ஆண்டின் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதினை இதற்காக அரவிந்தன் பெற்றார்.

அடுத்த ஆண்டில் வந்த 'தம்பு', ஆற்றங்கரைக் கிராமம் ஒன்றுக்கு வந்து கூடாரமடித்துச் சில நாள் காட்சி நடத்திச் செல்லும் சர்க்கஸ் குழுவைப் பற்றிய கறுப்பு வெள்ளைப் படம். சர்க்கஸைக் காணும் கிராம மக்களின் முகங்களில் தோன்றிய இயல்பான உணர்ச்சிகளையே படம் பிடித்தனர். இப்படத்துக்காக அரவிந்தனுக்கு மீண்டும் அதே விருது கிடைத்தது. தொடர்ந்து, குழந்தைகளுக்கான 'கும்மாட்டி' (1979), கடற்கரை மீனவக் கிராமத்தைக் களமாகக் கொண்ட 'எஸ்தப்பான்' (1980), 'போக்குவெயில்' (1981) ஆகியன உருவாயின. ஆக, ஐந்தாண்டுக் காலத்தில் ஒரே இயக்குநரின் ஐந்து படங்களை ஒரே தயாரிப்பாளர் வெளிக்கொணர்ந்தார்.

இத்தொடர்ச்சியே இங்குக் கவனிக்கத்தக்கது. இயக்குநர் ஒருவருக்கு ஒரு படம் எடுக்கும் வாய்ப்பு ஏதேனும் ஒரு வழியில் கிடைத்துவிடலாம். முதற்படம் வசூலாகாத நிலையில் இரண்டாவது படத்துக்குப் பணம் கிடைப்பதே அரிது. பல சிறந்த இயக்குநர்களின் வாழ்வில் ஒரு படத்துக்கும் மறுபடத்துக்கும் இடையே நெடிய ஆண்டுகள் கழிந்தமைக்குக் காரணம் இதுவே.

அடூர் கோபாலகிருஷ்ணனின் படங்கள்

1977-ஆம் ஆண்டில் நிறைவெய்திய 'கொடியேற்றம்' வரை சித்திரலேகா கூட்டுறவுச் சங்கத்தின் வாயிலாகப் படம் எடுத்த அடூர், அதன் பின்னர் ஜெனரல் பிக்சர்ஸுடன் இணைந்தார். சிதைந்துவரும் நிலவுடைமைக் குடும்பம் ஒன்றின் கதையான 'எலிப்பத்தாயம்' அவரது முதல் வண்ணப்படம். பிரிட்டிஷ் திரைப்பட நிறுவனத்தின் சதர்லாந்து கோப்பையை அது 1982-ஆம் ஆண்டில் பெற்றது. பொதுவுடைமை இயக்கத் தலைவர் ஒருவரின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் காட்டிய 'முகாமுகம்' (1984) கேரளத்தில் கடும் அரசியல் விவாதத்தைக் கிளப்பியது. இப்படத்துக்காகவும், பின்னர் வந்த 'அனந்தரம்' (1987) படத்துக்காகவும் அடூர் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதைப் பெற்றார். எழுத்தாளர் பால் சக்கரியாவின் குறுநாவலைத் தழுவிய 'விதேயன்' 1993-ஆம் ஆண்டின் விருதுகளில் இடம்பெற்றது. அதில் நடித்த மம்மூட்டி சிறந்த நடிகராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். இடையே, எம். டி. வாசுதேவன் நாயர் தம் நாவலைத் தாமே இயக்கிய 'மஞ்ஞு' (1983) படத்தையும் இந்நிறுவனம் தயாரித்தது.

மொத்தம் 14 படங்கள். அவற்றுள் நான்கு படங்கள் தம் இயக்குநர்களுக்குத் தேசிய அளவில் சிறந்த இயக்குநர் விருதை ஈட்டித் தந்தன. இவ்வளவையும் செய்தவர் படப்பிடிப்பில் தலையிடுவதில்லை என்பதை அவருடன் பணியாற்றியோர் பின்னாளில் நினைவுகூர்ந்துள்ளனர். தயாரிப்பாளரின் முக்கியமான முடிவு படப்பிடிப்புக்கு முன்பே எடுக்கப்பட்டுவிடுகிறது. எவரை நம்புவது என்பதே அம்முடிவு. நம்பிய பின்னர் ஒதுங்கி நிற்பதும் அப்பணியின் ஒரு பகுதியே என்பதை இவரது முறை உணர்த்துகிறது. மலையாளத் திரையுலகுக்கு ஆற்றிய பணிக்காகக் கேரள அரசின் ஜே. சி. டேனியல் விருது 2008-ஆம் ஆண்டுக்கு இவருக்கு வழங்கப்பட்டது.

வரவும் வரம்பும்

இத்தகைய படங்களுக்கு வரவு மூன்று வழிகளில் வந்தது. கேரளத் திரையரங்குகளின் வசூல் ஒன்று. 1960-களிலிருந்து கேரளமெங்கும் பரவிய திரைப்படச் சங்கங்களும் வெளிநாட்டு விழாக்களும் தேடித் தந்த பார்வையாளர் மற்றொன்று. 1980-களில் தூர்தர்ஷன் ஞாயிற்றுக்கிழமை பிற்பகல்களில் விருது பெற்ற பிறமொழிப் படங்களை நாடெங்கும் ஒளிபரப்பியது மூன்றாவது வழியாகும். தமிழ்நாட்டு இல்லங்களில் பலர் மலையாள, வங்காள, கன்னடப் படங்களை முதன்முதலாகக் கண்டது அந்நிகழ்ச்சியில்தான்.

எனினும், இம்மூன்றும் வட்டிக்கடன் வாங்கிப் படம் எடுப்பவரைக் காக்கப் போதுமானவையல்ல. இவ்வரவு மெல்ல வருவது. வட்டியோ மாதந்தோறும் ஏறுவது. கடன் வாங்கியவருக்குக் காத்திருக்க இயலாது. சொந்த வாணிகத்தின் பணத்தை முதலீடு செய்தவருக்குக் காத்திருக்க இயலும். ரவீந்திரநாதன் நாயரின் சுதந்திரம் அவரது இரசனையில் மட்டுமன்றி, அவரது பணத்தின் தன்மையிலும் அடங்கியிருந்தது.

இவ்வலிமையே இம்முறையின் வரம்புமாகும். வேறொரு தொழிலில் செல்வம் சேர்த்து, அதைக் கலைக்காக இழக்கவும் ஒருப்பட்டு, நல்ல இயக்குநரை இனங்காணும் திறமும் பெற்றவர் எல்லா ஊர்களிலும் பிறப்பதில்லை. அத்தகையோர் விலகிக்கொண்டால் அந்த வாய்ப்பும் அவர்களுடனேயே முடிந்துவிடுகிறது. 'விதேயன்' வெளிவந்த பின்னர் ஜெனரல் பிக்சர்ஸ் புதிய படம் எதையும் எடுக்கவில்லை.

மக்கள் முதலீடு

நட்டத்தைத் தாங்கும் பொறுப்பைப் பலர் பகிர்ந்துகொண்ட முயற்சிகளும் நம் நாட்டில் நடந்துள்ளன. குஜராத் மாநிலப் பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கங்களைச் சேர்ந்த 5 லட்சம் விவசாயிகள் ஆளுக்கு 2 ரூபாய் அளித்து, மொத்தம் 10 லட்சம் ரூபாயில் 'மந்தன்' என்னும் படத்தை 1976-ஆம் ஆண்டில் தயாரித்தனர். ஷியாம் பெனகல் இயக்கிய அப்படம் அவர்களது கூட்டுறவு இயக்கத்தின் கதையையே கூறியது. பணமளித்தவர்களே பார்வையாளராகவும் அமைந்தமை இம்முயற்சியின் சிறப்பு. கேரளத்தில் இயக்குநர் ஜான் ஆபிரகாமும் அவர்தம் நண்பர்களும் அமைத்த ஒடேசா குழு, ஊர் ஊராகச் சென்று மக்களிடம் சிறுசிறு தொகைகளைத் திரட்டி 1986-ஆம் ஆண்டில் 'அம்மா அறியான்' படத்தை எடுத்து, மக்களிடமே கொண்டுசென்று காட்டியது.

அரசுத் துறையில், திரைப்பட நிதிக் கழகம் 1980-ஆம் ஆண்டில் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டது. கடன் வழங்குவதோடு நில்லாமல், தானே தயாரிக்கவும் பிறருடன் கூட்டாகத் தயாரிக்கவும் இக்கழகம் முற்பட்டது. 1998-ஆம் ஆண்டில் மத்திய அரசு திரைப்படத் துறைக்குத் தொழில் என்னும் தகுதியை அறிவித்ததன் பயனாக, வங்கிகளிலும் நிதி நிறுவனங்களிலும் முறையான கடன் பெற வழி பிறந்தது. எனினும், அடைமானமும் கணக்கும் காட்டக்கூடிய பெரிய நிறுவனங்களுக்கே இவ்வழி எளிதாக உள்ளது. முதற்படம் எடுக்க முனையும் தனித் தயாரிப்பாளரிடம் அடைமானம் வைக்கத் திரைக்கதை தவிர வேறொன்றும் இருப்பதில்லை.

நெகடிவ் காக்கப்படாத நிலை

பதிப்புரிமை தயாரிப்பாளருடையது என்பதால் மூல நெகடிவைக் காக்கும் பொறுப்பும் அவரையே சாரும். வெப்பமும் ஈரப்பதமும் மிகுந்த நம் நாட்டில் ஃபிலிம் விரைவில் கெடுகிறது. படச்சுருளைக் குளிர்ந்த, உலர்ந்த அறையில் ஆண்டுக்கணக்கில் வைத்திருப்பது தனியொருவரால் தாங்கத்தக்க செலவன்று. ஜெனரல் பிக்சர்ஸின் புகழ்பெற்ற படங்களும் இவ்விதிக்கு விலக்காகவில்லை. 'கும்மாட்டி', 'தம்பு' ஆகிய இரண்டின் மூல நெகடிவ்களும் எஞ்சவில்லை.

1964-ஆம் ஆண்டில் புனாவில் நிறுவப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இப்படங்களின் பிரதிகள் இருந்தமையால் அவை பிழைத்தன. அவற்றை ஆதாரமாகக் கொண்டு, மும்பையின் ஃபிலிம் ஹெரிட்டேஜ் ஃபவுண்டேஷன் என்னும் தொண்டு நிறுவனமும் இத்தாலியின் பொலோன்யா நகரத் திரைப்படக் காப்பகமும் பிறரும் இணைந்து படங்களைச் சீரமைத்தனர். 'கும்மாட்டி' 2021-ஆம் ஆண்டில் பொலோன்யாவிலும், 'தம்பு' 2022-ஆம் ஆண்டில் கான் திரைப்பட விழாவின் செவ்வியற் படப் பிரிவிலும் திரையிடப்பட்டன. தயாரிப்பாளர் 2023-ஆம் ஆண்டு ஜூலை மாதம் தம் 90-ஆம் வயதில் மறைந்தார். இவ்விரு படங்களும் புத்துயிர் பெற்றது அவரது வாழ்நாளிலேயே நிகழ்ந்தது.

காப்பகத்துக்கு ஒரு பிரதி சென்று சேர்ந்தமையால் விளைந்த பயன் இது. அவ்வாறு சென்று சேராத படங்களின் கதி என்ன என்பதை எளிதில் ஊகிக்கலாம். 2022-ஆம் ஆண்டில் தேசியத் திரைப்பட மரபுத் திட்டத்தின்கீழ் சுமார் 2,200 படங்களைச் சீரமைக்க 363 கோடி ரூபாய் ஒதுக்கப்படுவதாக மத்திய அரசு அறிவித்தது. அவ்வாண்டிலேயே காப்பகமும் ஃபிலிம்ஸ் டிவிஷனும் பிற திரைப்பட அமைப்புகளும் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டன.

இன்றைய வழிகள்

டிஜிட்டல் முறை வந்தபின் கச்சா ஃபிலிம், பதனிடுதல், பிரதி எடுத்தல் ஆகிய செலவுகள் மறைந்துவிட்டன. படம் எடுப்பது எளிதாகியுள்ளது. எடுத்த படத்தை மக்கள் அறியச் செய்வதோ முன்னிலும் கடினமாகியுள்ளது. திரையரங்கில் இடம் கிடைத்தாலும் முதல் வாரத்திலேயே வசூல் தெரியாவிடின் படம் எடுக்கப்பட்டுவிடுகிறது. இணையவழித் தளங்கள் புதிய சந்தையாகத் தோன்றினும், எப்படத்தை ஏற்பது, என்ன விலை தருவது என்பன அவற்றின் கையிலேயே உள்ளன. பழைய விநியோகஸ்தரின் இடத்தில் புதியவர் அமர்ந்துள்ளார் எனலாம்.

வெளிநாட்டுக் கூட்டுத் தயாரிப்பு மற்றொரு வழி. இந்தியாவும் பிரான்சும் 1985-ஆம் ஆண்டிலேயே இதற்கான உடன்பாட்டைச் செய்துகொண்டன. பாயல் கபாடியா இயக்கிய 'ஆல் வீ இமேஜின் அஸ் லைட்' 2024-ஆம் ஆண்டில் கான் விழாவின் இரண்டாவது உயரிய பரிசான கிராண்ட் பிரி விருதைப் பெற்றது. பெரும்பகுதி மலையாளத்தில் அமைந்த அப்படம் பிரெஞ்சு, இந்திய நிறுவனங்கள் முதலியன கூட்டாகத் தயாரித்ததாகும். மாநில அளவில், பெண் இயக்குநர்களுக்கும் தாழ்த்தப்பட்ட, பழங்குடி இயக்குநர்களுக்கும் ஒரு படத்துக்கு ஒன்றரைக் கோடி ரூபாய் வரை அளித்துக் கேரளத் திரைப்பட வளர்ச்சிக் கழகமே படங்களைத் தயாரிக்கும் திட்டம் நடைமுறைக்கு வந்தது. அக்கழகம் 2024-ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் 'சிஸ்பேஸ்' என்னும் இணையவழித் தளத்தையும் தொடங்கியது. தயாரிப்புக்குப் பணம் தருவதோடு காட்டுவதற்கு இடமும் தரவேண்டும் என்னும் பழைய பாடத்தை இம்முயற்சி கருத்தில் கொண்டுள்ளது.

கொல்லம் தயாரிப்பாளரின் பணியிலிருந்து கொள்கை வகுப்போர் அறியவேண்டுவன மூன்று. ஓர் இயக்குநருக்கு ஒரு படத்துக்கு மட்டும் உதவிவிட்டு நிறுத்துதல் போதாது, தொடர்ச்சி வேண்டும். முதலீட்டுக்குக் காத்திருக்கும் பொறுமை வேண்டும். ஓராண்டுக் கணக்கில் நட்டமாகத் தோன்றிய படம் 40 ஆண்டுகள் கழித்து நாட்டின் பெயரை உலக அரங்கில் நிலைநாட்டுவதை இன்று காண்கிறோம். படம் முடிந்த அன்றே ஒரு நல்ல பிரதி பொதுக் காப்பகத்தைச் சென்று சேர வேண்டும். தனியொருவர் தம் செல்வத்தாலும் மனத்திண்மையாலும் முதலிரண்டையும் செய்து காட்டினார். மூன்றாவது அவரது சக்திக்கும் அப்பாற்பட்டது. அதனைச் செய்து முடித்தது மக்களின் வரிப்பணத்தில் இயங்கும் காப்பகமே.